அனீஸ் என்ற பெயரோடு சென்னையில்

பேரன் பிறந்த செய்தி வந்தபோது நான் பினாங்கு படகுத்துறைக்கு எதிரே ஒரு கடையில் ரொட்டி சானாய் தின்றுகொண்டிருந்தேன். வீட்டுப் போன் அடித்து ஓய்ந்ததும் மருமகன் ரியாஸ் சென்னையிலிருந்து அந்தக் கடைக்குப் பேசியிருக்கிறார். காலை வேளையில் நான் அங்கேதான் கிடப்பேன் என்பது கடல் தாண்டியும் தெரிந்த விஷயம். கடைக்காரர் ரிசீவரைக் கையில் பிடித்தபடி, "சாச்சா, பேரன்" என்றார். கடையில் இருந்தவர்களுக்கெல்லாம் டீ சொன்னேன். அதற்குமேல் அந்தச் சந்தோஷத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று தெரியவில்லை. மனைவி போய்ச் சேர்ந்து பல வருஷம் ஆகிறது. ஒரே மகள் நசீமா சென்னையில் வாழ்க்கைப்பட்டுவிட்டாள்.

ரியாஸ் அந்தப் போனிலேயே இன்னொன்றும் சொன்னார். அவர்கள் குடும்ப வழக்கப்படி முதல் பிள்ளைக்குப் பெயர் வைப்பது தாய்வீட்டார் உரிமை. தாய்வீடு என்றால் நான் ஒருவன்தான். ஏழாம் நாள் வைக்க வேண்டிய பெயரை எனக்காகப் பதினாலாம் நாளுக்குத் தள்ளியிருக்கிறார்கள். நான் போய்ப் பிள்ளையைக் கையில் வாங்கி, காதில் பெயரைச் சொல்ல வேண்டும்.

பெயர் என்றதும் என் மனத்தில் வந்தது ஒரே ஒரு பெயர். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அது என் பெயர். எனக்கு மகன் கிடையாது. என்னை 'அனீஸ்' என்று வாய் நிறையக் கூப்பிட்ட கடைசி ஆள் என் அண்ணன், அவரும் காலமாகிவிட்டார். மனைவி 'நசீமா அத்தா' என்பாள். படகுத்துறையில் டிக்கெட் பரிசோதகராக இருந்த காலத்தில் எல்லாருக்கும் நான் இன்ஸ்பெக்டர். இப்போது கடைத்தெரு முழுக்க சாச்சா. பாஸ்போர்ட்டில் மட்டும் உயிரோடு இருக்கிற அந்தப் பெயரை ஒரு குழந்தை எடுத்துக்கொள்ளட்டுமே என்று ஆசைப்பட்டேன். ஆனால் தன் பெயரைத் தானே எப்படிச் சிபாரிசு செய்வது? விமானத்தில் அந்தக் கவலையிலேயே சாப்பாட்டை ஆறவிட்டேன்.

நான் போய் இறங்கியபோது ஊருக்கே பெயர் மாற்றியிருந்தார்கள். இங்கிலீஷ் பலகைகளில் பாதி மெட்ராஸ், பாதி சென்னை. தி.நகரில் நான் தங்கிய லாட்ஜின் மேனேஜரிடம் எது சரி என்று கேட்டேன். "எழுதறதுக்குச் சென்னை சார், பேசறதுக்கு மெட்ராஸ்" என்றார். என் பெயரை அவர் ஒருமுறை கேட்டு எழுதிக்கொண்டார். அதற்குப் பிறகு நான் அவருக்குப் 'பதினாலாம் நம்பர் ரூம்'.

சம்பந்தி வீடு மயிலாப்பூரில், கச்சேரி ரோட்டிலிருந்து பிரியும் ஒரு சந்தில் இருக்கிறது. அங்கேயே தங்கச் சொல்லிப் போனில் எவ்வளவோ வற்புறுத்தினார்கள். மகளைக் கட்டிக்கொடுத்த வீட்டில் போய்ப் பாயை விரிக்க எனக்கு மனம் வராது. எங்கள் ஆட்களின் வீம்பு இது. அந்த வீம்புக்குத் தண்டனையாகத் தி.நகரில் தனியாகச் சாப்பிட்டேன்.

சாப்பாட்டைக் குறை சொல்ல முடியாது. பினாங்கில் நாசி கண்டார் சோற்றுக் கடையில் வரிசையில் நின்றால், தட்டில் எல்லாக் குழம்பையும் ஒன்றாகக் கலந்து ஊற்றித் தருவான். இங்கே மெஸ்ஸில் வாழை இலை போட்டு, சாம்பாருக்கு ஒரு தரம், ரசத்துக்கு ஒரு தரம், மோருக்கு ஒரு தரம் என்று முறையாக வருகிறார்கள். எதிரே உட்கார்ந்திருந்தவர் இலையிலிருந்து தலை நிமிராமல் சாப்பிட்டு, இலையை மூடி, எழுந்து போனார். "சாருக்கு ரசம்?" என்று பரிமாறுகிறவர் கேட்டார். அன்று மத்தியானம் வரை என்னிடம் மனிதர் யாராவது பேசியது அவ்வளவுதான். வேண்டாத ரசத்தை இரண்டாம் தரமும் வாங்கிக்கொண்டேன்.

சாயங்காலம் மயிலாப்பூர் பஸ்ஸுக்காக நின்றேன். பக்கத்தில் ஒரு மாமி, கையில் துணிக்கடைப் பை. ஏதோ ஒரு பஸ் வந்து நின்றதும், "மயிலாப்பூர் போறதா பாருங்கோ, கண்ணாடியை ஆத்துலயே வெச்சுட்டு வந்துட்டேன்" என்றார். ஆயுசு முழுக்கப் படகில் ஏறுகிறவர்களுக்கு வழி சொன்னவன் அல்லவா நான். பெரிய மனுஷத்தனமாகப் பலகையைப் பார்த்து, போகும் என்று சொல்லி ஏற்றிவிட்டு நானும் ஏறினேன். அது நேராக அடையாறு டெப்போவில் போய் நின்றது.

கண்டக்டர் சிரித்தார். "இன்னா பாய், ஊருக்குப் புச்சா? அந்தாண்ட போய் நில்லுங்க, மயிலாப்பூர் வண்டி வரும்."

மாமி என்னைத் திட்டுவார் என்று நினைத்தேன். "உங்களை நம்பி ஏறினேன் பாருங்கோ, என்னைச் சொல்லணும்" என்று மட்டும் சொல்லிவிட்டு, டெப்போ பெஞ்சில் எனக்கும் இடம் விட்டு உட்கார்ந்தார். எங்கிருந்து வருகிறேன், எதற்கு வந்தேன் என்று விசாரித்தார். பேரனுக்குப் பெயர் வைக்க என்றதும் அவருக்கு உற்சாகம் வந்துவிட்டது.

"எங்காத்துல அந்தக் குழப்பமே இல்லை. மூத்த பேரனுக்குத் தாத்தா பேர்தான். ஆனா நான் ஒரு நாளும் என் பிள்ளையைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை, தெரியுமோ? மாமனார் பேரை வாயால எப்படிச் சொல்றது? அம்பின்னுண்டே இருப்பேன். இப்போ அவனுக்கே தலை நரைச்சாச்சு, இன்னும் அம்பிதான்."

தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது நடக்கிற காரியம்தான் என்று எனக்குத் தெம்பு வந்தது. மயிலாப்பூர் குளத்தருகே இறங்கும்போது, "நல்ல பேரா வையுங்கோ" என்று சொல்லிவிட்டு மாமி கூட்டத்தில் போய்விட்டார். அவர் பெயரை நான் கேட்கவில்லை. என் பெயரையும் அவர் கேட்கவில்லை.

பேரன் தூங்கிக்கொண்டிருந்தான். நசீமா மெலிந்திருந்தாள். "வந்துட்டீங்களா அத்தா" என்று என் கையைப் பிடித்துக்கொண்டவள் ரொம்ப நேரம் விடவில்லை. சம்பந்தி கரீம் பாய் தி.நகரில் சூட்கேஸ் கடை வைத்திருப்பவர். வீட்டில் உருது, வெளியே மெட்ராஸ் தமிழ். டீயும் சமோசாவும் வந்ததும் விஷயத்துக்கு வந்தார்.

"பேரு உங்க இஷ்டம் பாய். ஆனா ஒண்ணு, அர்த்தம் கேட்டுட்டுதான் வெக்கணும். எங்க வூட்ல ஒரு கூத்து நடந்து போச்சு."

கூத்து இதுதான். அவருடைய மைத்துனர் ஒருவர் துபாயில் வேலை பார்த்தவர். அங்கே கடைவாசலில் பெரிய எழுத்தில் மாட்டியிருந்த ஓர் அரபிச் சொல் அவருக்குப் பிடித்துப்போய்விட்டது. அரபியில் இருப்பதெல்லாம் புனிதம் என்ற நினைப்பில், ஊருக்கு வந்து மகனுக்கு அதையே வைத்துவிட்டார். பையன் பள்ளிக்கூடம் போன பிறகுதான் அரபி வாத்தியார் அர்த்தம் சொன்னார். தள்ளுபடி விற்பனை.

சிரித்துச் சிரித்து எனக்குப் புரையேறிவிட்டது. நசீமாவும் சிரித்தாள். சம்பந்தியம்மா மட்டும் சிரிக்கவில்லை, அவருடைய தம்பியாயிற்றே. "கோட்டூர்புரத்துல எங்க சொந்தத்துல ஒரு அம்மா இருக்காங்க. காலேஜ்ல அரபி சொல்லித் தர்றாங்க. நாளைக்கு அவங்கள பாத்துட்டு வாங்க பாய்" என்றார். ஜமீல் என்று ஒரு பெயர் அவர்கள் மனத்தில் இருப்பதாகவும் பட்டும் படாமலும் சொன்னார். நான் என் பெயரை எடுக்கவேயில்லை. தொண்டை வரை வந்தது, டீயோடு விழுங்கிவிட்டேன்.

மறுநாள் மழை பிடித்துக்கொண்டது. பினாங்கு மழை கொட்டிவிட்டு ஓய்ந்துவிடும். இந்த ஊர் மழை வந்து தங்கிவிடுகிறது. ஆட்டோக்காரர் கோட்டூர்புரம் என்றதும் உதட்டைப் பிதுக்கினார். "ஆத்துல தண்ணி ஏறிக்கினு கீது சார். பிரிட்ஜாண்ட போனா வண்டி நின்னுக்கும்." சொன்னபடியே பாலத்துக்குச் சற்று முன்னால் வண்டி நின்றுகொண்டது. இருவரும் இறங்கித் தள்ளினோம். அடையாற்றில் பழுப்புத் தண்ணீர் கரையை முட்டிக்கொண்டு போயிற்று. "இந்த மழையில யாரப் பாக்கப் போற நைனா?" என்றார். ஒரு பெயருக்கு அர்த்தம் கேட்க என்றேன். ஒரு கணம் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, மறுபடி தள்ள ஆரம்பித்தார்.

அந்த அம்மாள் வீடு மூன்றாம் மாடியில். சொட்டச் சொட்ட நின்ற எனக்கு ஒரு துண்டு கொடுத்தார். மேஜை நிறையப் பரீட்சைத் தாள்கள். திருத்துவதை நிறுத்தாமலே பேசினார்.

"ஜமீல்னா அழகன். எல்லாருக்கும் தெரிஞ்சதுதானே பாய், இதுக்காகவா மழையில வந்தீங்க?"

"இன்னொரு பெயரும் இருக்கு" என்றேன். "அனீஸ்."

"குழந்தைக்கா?"

"எனக்கு."

சிவப்புப் பேனாவை மூடினார்.

"உன்ஸ்னு ஒரு சொல் இருக்கு. பழகினவங்க பக்கத்துல இருக்கும்போது மனசு இளகி ஒரு நிம்மதி வருது பாருங்க, அதுதான் உன்ஸ். அனீஸ் அதுலேர்ந்து வந்த பேரு. அதுக்கு எதிர்ப்பதம் வஹ்ஷத். ஆள் அரவம் இல்லாத இடத்துல தனியா மாட்டிக்கிட்டா வர்ற வெறுமை. பாலைவனத்துல ராத்திரி எரியற நெருப்புக்கும் இந்த வேர்லேர்ந்து ஒரு பேர் உண்டு. பழைய அகராதியில சேவலுக்குக்கூட அனீஸ்னு பேர் போட்டிருக்காங்க. நெருப்போ சேவலோ இருந்தா பக்கத்துல மனுஷங்க இருக்காங்கன்னு தெரியும், அதனால இருக்கும்னு எனக்குத் தோணும். வீட்ல யாருமே இல்லைன்னு சொல்றதுக்கு 'வீட்டில் அனீஸ் இல்லை'ன்னு சொல்றது பழைய அரபி வழக்கு."

எனக்கு ஏனோ கோபம் வந்தது. "அப்படின்னா இதை எனக்கு வெச்சது தப்பு" என்றேன். "நான் தனியாச் சாப்பிடறவன். தனியாப் படுத்து எழுந்திருக்கிறவன். ரெண்டு நாளா இந்த ஊர்ல ரசம் வேணுமான்னு கேட்டவரோட பேசினதைப் பெரிசா நினைச்சுக்கிட்டு இருக்கேன்." முன்பின் தெரியாத ஒரு பெண்ணிடம் இதையெல்லாம் ஏன் கொட்டினேன் என்று இப்போதும் புரியவில்லை.

அவர் பதறவில்லை. "யார் வெச்ச பேரு?" என்றார்.

அத்தா வைத்தது. அரபி தெரிந்து வைத்ததல்ல. சின்ன வயசில் பிழைப்புக்காகக் கப்பலில் பினாங்குக்குப் போனபோது, டெக்கில் அவருக்குப் பக்கத்தில் படுத்திருந்தவர் பெயர் அனீஸ். அத்தா வாந்தியும் அழுகையுமாகக் கிடந்திருக்கிறார். அந்த ஆள் கரை சேரும்வரை பக்கத்தில் உட்கார்ந்து ஏதேதோ கதை பேசிக்கொண்டே வந்தாராம். இறங்கிய பிறகு இருவரும் சந்திக்கவேயில்லை. வழிப்போக்கன் பெயரை எனக்கு வைத்துவிட்டாரே என்று எனக்குச் சின்ன வயசில் குறைதான். நபிமார் பெயர் எத்தனை இருக்கிறது.

இதைச் சொல்லி முடித்ததும் அந்த அம்மாள் இல்லை என்று தலையசைத்தார். "நீங்க மாத்திப் புரிஞ்சுக்கிட்டிருக்கீங்க பாய். துணை கிடைச்சவனுக்கு இல்ல இந்தப் பேரு. துணையா இருக்கிறவனுக்கு." பிறகு பேனாவைத் திறந்து அடுத்த தாளை எடுத்துவிட்டார். நான் துண்டை மடித்து நாற்காலியில் போட்டுவிட்டு வெளியே வந்தேன்.

மாடிப்படியில் நின்றுவிட்டேன். மனைவி படுக்கையில் கிடந்த மாசங்களில் அவள் தலைமாட்டில் உட்கார்ந்து, படகில் அன்றைக்கு யார் யார் வந்தார்கள் என்று சொல்லிக்கொண்டிருப்பேன். நசீமா பரீட்சைக்குப் படிக்கும்போது, எனக்கு ஒன்றும் புரியாவிட்டாலும் அவள் மேஜைக்கு எதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பேன். அப்போதெல்லாம் நான் என் பெயருக்குத் தகுந்தபடிதான் இருந்திருக்கிறேன். இதை நினைத்ததும் கண் கலங்கிவிட்டது. யாரோ மாடி ஏறி வந்ததால் முகத்தைத் துடைத்துக்கொண்டு இறங்கினேன்.

அங்கிருந்து நேரே மயிலாப்பூருக்குப் போனேன். கூச்சத்தை விட்டு எல்லாவற்றையும் சொன்னேன், நெருப்பையும் சேவலையும் சேர்த்து. அனீஸ் என்று வைக்க ஆசை என்றும் சொல்லிவிட்டேன். கரீம் பாய்க்குப் பிடித்துப்போயிற்று. சம்பந்தியம்மா முந்தானையைத் தலைக்கு மேல் இழுத்துவிட்டுக்கொண்டார்.

"நல்ல பேருதான் பாய். ஆனா உங்க பேராச்சே. உயிரோட இருக்கற பெரியவங்க பேரை எங்க வூட்ல வெக்கறதில்ல. புள்ள வால்தனம் பண்ணும். 'டேய் அனீஸ், இங்க வாடா, உத வாங்குவே'ன்னு சொல்லணும். நீங்க எதிர்ல உக்காந்திருந்தா நாக்கு கூசாதா? உங்களையே சொன்னாப்பல ஆயிடாதா?"

நியாயம்தான். மரியாதைக்காகத்தான் சொல்கிறார். செத்திருந்தால் என் பெயருக்கு மறுப்பே வந்திருக்காது, இருந்து தொலைக்கிறேனே என்று நினைத்துக்கொண்டேன். வாய் மட்டும், "ஜமீலே வைப்போம், அழகான பேரு" என்றது. புகுந்த வீட்டில் நசீமா என்ன சொல்ல முடியும்? குழந்தைக்குத் துணி மாற்றிக்கொண்டே தலையைக் குனிந்துகொண்டாள். அன்று லாட்ஜுக்குத் திரும்பும் வழியில் ரங்கநாதன் தெருவில் தோளோடு தோள் இடித்துக்கொண்டு நடந்தேன். அத்தனை ஜனத்துக்கு நடுவில், எதிர்ப்பதம் வஹ்ஷத் என்று அந்த அம்மாள் சொன்னாரே, அது என்னவென்று நன்றாகத் தெரிந்தது.

மறுநாள் காலை பெயர் வைக்கும் சடங்கு. சந்து முழுக்க பிரியாணி வாசம். குழந்தைக்கு மொட்டை அடித்துச் சந்தனம் பூசியிருந்தார்கள். பக்கத்தில் ரியாஸ் நிற்க, பள்ளிவாசல் இமாம் துஆ ஓதி முடித்தார். நசீமா பிள்ளையை என் கையில் கொடுத்தாள். இனி நான் குனிந்து காதில் சொல்லும் பெயர்தான் பெயர். குனிந்த பிறகு யாரும் குறுக்கே பேசக் கூடாது என்பதும் அவர்கள் வழக்கம்.

நான் குனியவில்லை. சம்பந்தியம்மாவைப் பார்த்தேன்.

"சம்பந்தியம்மா, ஒண்ணு கேக்கறேன், தப்பா நினைக்காதீங்க. பெரியவங்க எதிர்ல இருந்தா திட்டறதுக்கு நாக்கு கூசும்னு சொன்னீங்க. நான் எதிர்ல இருக்கப் போறதில்லையே. நாளைக்குப் போனா எப்ப வருவேனோ. அவன் வால்தனம் பண்ற நாள்ல நான் கடலுக்கு அந்தப் பக்கம் இருப்பேன். நீங்க எவ்வளவு திட்டினாலும் எனக்குக் கேக்காது."

வாதத்தில் ஜெயிக்க அதைச் சொல்லவில்லை, அது உண்மை என்பதால் சொன்னேன். சொல்லி முடித்த பிறகு அந்த உண்மை எனக்கே தாங்கவில்லை. நசீமா வாயை முந்தானையால் பொத்திக்கொண்டாள். கரீம் பாய் தரையைப் பார்த்தார். சம்பந்தியம்மா என்னையும் என் கையிலிருந்த பிள்ளையையும் மாறி மாறிப் பார்த்தார். அவர் கண் நிறைந்திருந்தது.

"சொல்லுங்க பாய்" என்றார். "உங்க பேரையே சொல்லுங்க."

சந்தன வாசமடிக்கும் அந்தச் சின்னக் காதில் மூன்று தரம் சொன்னேன்.

அன்று பூராவும் அந்த வீட்டில் என் பெயர்தான். "அனீஸ் ஈரம் பண்ணிட்டான்." "அனீஸுக்கு விக்கல் எடுக்குது." "யாராவது அனீஸைத் தூக்குங்களேன்." முதலில் ஒவ்வொரு தரமும் திரும்பிப் பார்த்தேன். நசீமா சிரித்து, "உங்கள இல்லத்தா" என்றாள். கொஞ்ச நேரத்தில் திரும்புவதை விட்டுவிட்டேன். பிரியாணியை அன்று கூட்டத்தோடு உட்கார்ந்து சாப்பிட்டேன். இருபக்கமும் ஆள், இருபக்கமும் பேச்சு. கிளம்பும்போது சம்பந்தியம்மா வாசல்வரை வந்து, "அடிக்கடி வாங்க பாய், நாங்க திட்டாமலே வளத்துக்கறோம்" என்றார்.

பினாங்கு வந்து சேர்ந்து, படகுத்துறைக் கடைக்குப் போய், எல்லாருக்கும் லட்டு கொடுத்து, மறுபடி சாச்சா ஆனேன். ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் வீட்டுப் போன் அடித்தது. நசீமா. குழந்தை காதில் ரிசீவரை வைத்திருப்பதாகச் சொன்னாள். "பேர் சொல்லிக் கூப்பிடுங்கத்தா, உங்க குரல் பழகட்டும்."

கூச்சமாக இருந்தது. இந்தக் கூடத்தில் அந்தப் பெயரைச் சொல்லி யாரும் கூப்பிட்டு வெகு காலமாயிற்று. மெதுவாக, "அனீஸ்" என்றேன். அந்தப் பக்கம் சின்ன மூச்சுச் சத்தம். கொஞ்சம் உரக்க, "அனீஸ், அனீஸ்" என்றேன். ஏதோ முனகல் கேட்டது, அதற்குள் லைன் போய்விட்டது.

ரிசீவரை வைத்தேன். இருட்டிக்கொண்டு வந்தது. விளக்கைப் போட எழுந்தவன், போடாமல் நின்று, இன்னும் ஒரு தரம் கூப்பிட்டேன்.